ஐந்தருவியில் சொன்ன கடைசிக் காட்சி

நாவலை எப்படிப் படமாக்குவது என்று உங்களில் ஒருத்தி என்னிடம் போனில் கேட்டாள். துண்டை எடுத்துக்கொண்டு குற்றாலம் ஐந்தருவிக்குப் போ என்றேன். கிழவிக்கு மறை கழன்றுவிட்டது என்று நினைத்திருப்பாள். அவளுக்காகவும், கதை இலாகாவில் புதிதாகச் சேர்ந்து விழித்துக்கொண்டிருக்கும் மற்றப் பிள்ளைகளுக்காகவும் இதை எழுதுகிறேன். நான் ஓய்வு பெற்றாயிற்று. இனி எந்தத் தயாரிப்பாளரும் என்னைத் திட்ட முடியாது என்பதே ஒரு போதையாக இருக்கிறது. அதனால் கொஞ்சம் துள்ளிக்கொண்டுதான் எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் என்னை இந்தத் தொழிலில் சேர்த்துவிட்டவரைப் பற்றி ஒரு வார்த்தை. பெயர் வேண்டாம், சொன்னால் புகழ்கிறேன் என்று கோபித்துக்கொள்வார். நாவலை என் கையில் கொடுத்து அவர் சொன்னது இதுதான்: "ரெண்டு தடவை படி. அப்புறம் யாருக்காவது இரவல் கொடுத்துடு. இரவல் போன புத்தகம் எப்படியும் திரும்பி வராது. அதுக்குப் பிறகும் உன் தலையில என்ன ஒட்டியிருக்கோ, அதுதான் படம்." பெரிய ஞானம் என்று பல நாள் நினைத்திருந்தேன். பிறகு ஒருமுறை அவர் வீட்டுக்குப் போனபோது அலமாரி முழுக்க அடுத்தவர் பெயர் எழுதிய புத்தகங்களாக இருந்தன. ஞானம் எங்கிருந்து பிறந்தது என்று அப்போது புரிந்தது. ஆனாலும் அதன்படிதான் நான் கடைசி வரை வேலை பார்த்தேன்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். ஒரு நாவலை நான் வருடக்கணக்காகக் கம்பெனி கம்பெனியாகத் தூக்கிக்கொண்டு அலைந்தேன். எழுதியவர் தென்காசியில் பாத்திரக்கடை நடத்துகிற ஒரு பெண்மணி. கல்யாணச் சீர்வரிசைக்கு அண்டாவும் குத்துவிளக்கும் விலை சொல்லிக்கொண்டே, கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்து நாவல் எழுதுவார். வாடிக்கையாளர் பேரம் பேசினால் பேனாவை மூடாமலேயே முறைப்பார். அவரை நான் அக்கா என்பேன். என்னைவிட நாலைந்து வயது மூத்தவர்.

கதை ரொம்ப எளிது. ஒரே காம்பவுண்டில் இரண்டு வீடு, நடுவில் ஒரு மதில், இரண்டு வீட்டுக்கும் பொதுவாக ஒரு குழாய். இந்தப் பக்கம் அண்ணன் பெண்டாட்டி, எங்கள் ஊர்ப் பேச்சில் மதினி; அந்தப் பக்கம் அவளுடைய நாத்தனார். வீட்டுப் பெண்ணின் சடங்கில் முதல் ஆரத்தி எடுக்க நாத்தனாரைத்தான் கூப்பிட வேண்டும். கூட்டத்தில் யாரோ அவசரப்பட்டு வேறொருத்தி கையில் தட்டைக் கொடுத்துவிட்டார்கள். "நல்லா இருங்க மதினி" என்று சொல்லிவிட்டுப் போனவள்தான் நாத்தனார். அன்றிலிருந்து இரண்டு பேருக்கும் பேச்சு இல்லை. வருடங்கள் ஓடுகின்றன. ஒரே குழாயில் தண்ணீர் பிடிக்கிறார்கள், பேசுவதில்லை. கடைசி அத்தியாயத்தில் மதினி அடுக்களையில் உட்கார்ந்து யோசிக்கிறாள். பக்கம் பக்கமாக யோசிக்கிறாள். முற்றும்.

படித்தால் நெஞ்சு அடைக்கும், பிள்ளைகளே. ஆனால் யோசிக்கிறவளை எத்தனை நேரம் படம் பிடிப்பது? காபி ஆறிப்போவதை ஒரு தடவை காட்டலாம். இரண்டாவது தடவை காட்டினால் ஆபரேட்டரே எழுந்து போய்விடுவார்.

கடைசியில் ஒரு தயாரிப்பாளர் சிக்கினார். பெரிய நடிகை ஒருவர் மதினியாக நடிக்கச் சம்மதித்துத் தேதியும் கொடுத்தார். ஆனால் தயாரிப்பாளருக்கு ஒரு நிபந்தனை உண்டு: கடைசிக் காட்சியில் மதினி வாய் திறந்து நாத்தனாரிடம் பேச வேண்டும், தியேட்டரே அழ வேண்டும். அக்காவுக்கு நேர் எதிரான நிபந்தனை: மதினி கடைசி வரை நாத்தனாரிடம் ஒரு வார்த்தை பேசக் கூடாது, கடைசிக் காட்சியைத் தன் காதால் கேட்ட பிறகுதான் சம்மதம் சொல்வேன். இரண்டு பேரிடமும் தலையாட்டி வைத்திருந்தேன். தலையாட்டுவது நம் தொழிலில் பாதி வேலை.

ஒருநாள் தயாரிப்பாளர் கூப்பிட்டார். "நாளைக்கு மதியத்துக்குள்ள அந்தம்மா ஓகே சொல்லணும். இல்லேன்னா ஹீரோயின் தேதியை என் பேய்ப் படத்துக்குத் திருப்பிடுவேன். பேய்க்கு டயலாக்கே வேணாம், சும்மா வந்து நின்னா போதும்."

வருடக்கணக்காகச் சுமந்த கதை ஒரு பேயிடம் தோற்கப் போகிறது. அன்றைக்கே ரயில் ஏறினேன்.

காலையில் தென்காசியில் இறங்கி மேலகரத்தில் அக்கா வீட்டுக்குப் போனால், அவர் தோளில் துண்டும் கையில் கூடையுமாக வாசலில் நிற்கிறார். சாரல் பன்னீர் தெளித்த மாதிரி விழுந்துகொண்டிருந்தது. பக்கத்து வீட்டு மாடியில் துணி எடுக்க வந்த ஒரு பெண்மணி எங்களைப் பார்த்ததும் விருட்டென்று உள்ளே போய்விட்டார். மழைக்குத்தான் ஓடுகிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

"வந்துட்டியா? வா, குளிக்கப் போவோம்" என்றார் அக்கா.

"அக்கா, கதை சொல்லணும். மதியத்துக்குள்ள பதில் சொல்லியாகணும்."

"அங்கன வந்து சொல்லு. சீசன்ல தலையில தண்ணி விழாம நான் ஒரு சோலியும் பாக்க மாட்டேன். ஆமா, நீ கீழப்பாவூர்க்காரிதானே? என்னட்டி, மெட்ராஸ்காரி கணக்கா பேசுத?"

ஆட்டோவில் ஏறினோம். வழியில் என் நாவல் பிரதி எங்கே என்று கேட்டார். இரவல் கொடுத்துவிட்டேன் என்றேன். அவர் முகம் போன போக்கைப் பார்த்து, தலையில் ஒட்டியதுதான் படம், அது ஒரு தொழில் முறை என்று விளக்கி முடிப்பதற்குள் ஐந்தருவியே வந்துவிட்டது.

அங்கே இறங்கியதும் ஒரு முட்டாள்தனம் செய்தேன். குரங்குகள் நிறைந்த இடத்தில் ரம்புட்டான் பழம் வாங்கி, திரைக்கதை வைத்திருந்த அதே பைக்குள் போட்டேன். நாலடி நடக்கவில்லை, பை மரத்தில் இருந்தது. குரங்கு பழத்தை எடுத்துக்கொண்டு, தாள்களை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்து, முகர்ந்து, கீழே ஓடிய தண்ணீரில் விட்டது. அந்தக் கடைசிக் காட்சிக்குக் கிடைத்த முதல் விமர்சனம் அதுதான். சரியான விமர்சனம் என்பது பிறகு தெரிந்தது.

அக்கா விழுந்து விழுந்து சிரித்தார். "இப்பம் உன் தலையில என்ன ஒட்டியிருக்குன்னு பாப்பமே."

மாற்று உடையையும் போனையும் ஒரு டீக்கடையில் கொடுத்துவிட்டுப் பெண்கள் வரிசையில் நின்றோம். வரிசை அனுமார் வால் மாதிரி நீண்டிருந்தது. நான் கதையை ஆரம்பித்தேன். உங்களுக்குத் தெரியும், நம் தொழிலில் கதை சொல்வது என்றால் சும்மா சொல்வதில்லை. கதவு திறக்கும் சத்தம், குழாய்த் தண்ணீர் குடத்தில் விழும் சத்தம், வயலின், இடைவேளை எல்லாவற்றையும் வாயாலேயே போட வேண்டும். நான் போட்டேன். சடங்கு வீட்டு மேளம் போடும்போது முன்னால் நின்றவள் திரும்பினாள். ஆரத்தித் தட்டு கைமாறும்போது பின்னால் நின்றவள் என் தோள் மேல் எட்டிப் பார்த்தாள்.

"ஏக்கா, கொஞ்சம் சத்தமா சொல்லுங்க. பின்னால நிக்கவளுக்குக் கேக்கல" என்றாள் அவள். ராயகிரியிலிருந்து வேன் பிடித்து வந்த கூட்டத்தின் தலைவி. கூட வந்த பெண்களைக் கையசைத்து அருகே இழுத்துக்கொண்டாள். சத்தமாகச் சொன்னேன். வரிசை வளைந்து, என்னைச் சுற்றி ஒரு கூட்டமாகிவிட்டது. இடைவேளை என்று நான் சொன்னதும் ராயகிரிப் பெண் கூடையிலிருந்து முறுக்கு எடுத்து எல்லாருக்கும் கொடுத்தாள். என் வாழ்நாளில் நான் பார்த்த மிகச் சிறந்த இடைவேளை அது.

பெண் காவலர் ஒருவர் விசில் ஊதிக்கொண்டு வந்தார். "என்ன கூட்டம் இங்கன? வரிசையில நில்லுங்க, நகருங்க, நகருங்க!" ஒரு நிமிடம் நின்றார். பிறகு விசிலை வாயிலிருந்து எடுத்துவிட்டு, "தட்ட மாத்திக் குடுத்தது யாரு? அவள முதல்ல பிடிக்கணும்லா?" என்று கேட்டார்.

இப்படியே கடைசிக் காட்சிக்கு வந்தேன். தயாரிப்பாளருக்காக எழுதியது: மதினி குழாயடிக்குப் போகிறாள், நாத்தனார் எதிரே நிற்கிறாள், மதினி ஒரு முழுப் பக்க வசனம் பேசி அழுகிறாள். பாதிகூடச் சொல்லவில்லை.

"நிறுத்து" என்றார் அக்கா. "அவ பேச மாட்டா."

"ஏன் பேச மாட்டா?" ராயகிரிப் பெண்ணுக்குக் கோபமே வந்துவிட்டது. "இத்தன வருசம் பேசாம இருந்தவ இப்பமும் பேசலைன்னா, நான் எதுக்கு இந்தக் கதையக் கேக்கேன்?"

"பேசுனா அவ தோத்துப் போவா."

"தோத்தாத்தான் என்ன, கிரீடமா விழுந்திரும்? சொந்த நாத்தனாதானே!"

"அப்பம் நாத்தனா முதல்ல பேசட்டும்" என்றாள் இன்னொருத்தி. "அவளுக்குத்தானே மரியாத போச்சு, அவ ஏன் பேசணும்?" என்று வேறொருத்தி. வரிசை இரண்டு கட்சியாகிவிட்டது. சிரித்துக்கொண்டேதான் சண்டை போட்டார்கள். அக்கா மட்டும் சிரிக்கவில்லை. அவர் முகம் சிவந்து போயிருந்தது.

"எழுதுனவ நான். அவள எனக்குத் தெரியாதா? ஏட்டி, நீ மதியத்துக்குள்ள பதில் கேட்டேல்லா, இந்தா கேட்டுக்கோ. என் பொம்பள வாயத் திறந்தா எனக்கு இந்தப் படமே வேண்டாம்."

ஏதாவது சொல்லிச் சமாளிக்க வேண்டும் என்று வாயைத் திறக்கிறேன், காவலர் விசில் ஊதிவிட்டார். "அடுத்த செட்டு, உள்ள போங்க!" ராயகிரி வேனே பின்னாலிருந்து தள்ளியது. நானும் அக்காவும் சண்டையும் அப்படியே தண்ணீருக்குள் போனோம்.

ஐந்தருவிக்குக் கீழே நின்றவர்களுக்குத் தெரியும். அந்தத் தண்ணீர் தலையில் விழுவதில்லை, அறைகிறது. காதுக்குள் இரைச்சல் தவிர வேறொன்றும் கிடையாது. நான் அக்காவிடம் கெஞ்சினேன்; என் குரல் எனக்கே கேட்கவில்லை. காலடியில் பாறை வழுக்கியது. விழப் போன நேரத்தில் ஒரு கை என் மணிக்கட்டைப் பிடித்தது. அங்கே யாரும் யாரையும் பார்த்துப் பிடிப்பதில்லை. கிடைத்த கையைப் பிடிப்பார்கள். வழிகிற தண்ணீருக்குள் கண்ணைத் திறந்து பார்த்தால், அது அக்காவின் கை.

என்ன வந்ததோ தெரியவில்லை, நான் மதினியாகிவிட்டேன். இரவல் போன புத்தகத்தில் அவள் பக்கம் பக்கமாக யோசித்ததையெல்லாம் அந்தத் தண்ணீருக்குள் கத்தினேன். நீ மதினின்னு கூப்பிட்டு எத்தன வருசம் ஆச்சு, குழாயடியில உன் குடம் நெறஞ்ச பிறகு நான்தான் அடச்சேன் தெரியுமா, என்று என்னென்னவோ. அழுதேன் என்றும் நினைக்கிறேன், அந்த இடத்தில் அதற்குச் சாட்சி கிடையாது. அக்கா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பிடித்த கையை விடவில்லை. திடீரென்று அவரும் வாயைத் திறந்து என்னைப் பார்த்து ஏதோ கத்தினார். முழு மூச்சில் கத்தினார். ஒரு எழுத்துகூட எனக்குக் கேட்கவில்லை.

விசில். வெளியே வந்தோம்.

நடுங்கிக்கொண்டு நிற்கும்போது ராயகிரிப் பெண் ஓடி வந்தாள். அவள் எங்களுக்கு அடுத்து நின்று எல்லாவற்றையும் பார்த்திருக்கிறாள். "ரெண்டு பேரும் உள்ள வச்சுப் பேசுனீங்களே, என்ன பேசுனீங்க? எனக்கு ஒண்ணும் கேக்கலையே! ஆனா எனக்குக் கண்ணுல தண்ணி வந்துட்டு, பாத்துக்கோங்க."

பிள்ளைகளே, அந்த நொடியில் என் தலைக்குள் விளக்கு எரிந்தது. குதிக்க வேண்டும் போல் இருந்தது. குதித்தேன், வழுக்கியது, காவலர் பிடித்துக்கொண்டார்.

"அக்கா, கடைசிக் காட்சி குழாயடியில இல்ல, அடுக்களையில இல்ல. இங்கன. ரெண்டு பேரும் சீசனுக்குத் தனித்தனியா குளிக்க வருதாங்க. தண்ணிக்குள்ள ஒருத்தி வழுக்குதா. கிடைச்ச கையப் பிடிக்கா. பாத்தா அவ நாத்தனா. மதினி பேசுதா. நெறையப் பேசுதா. நாத்தனாவும் பேசுதா. அருவிச் சத்தம் மட்டுந்தான் கேக்கும். அதோட படம் முடிஞ்சிரும்."

அக்கா முடியைப் பிழிந்துகொண்டே நின்றார். "பேசுதா. ஆனா கேக்காது."

"ஆமாக்கா."

"யாருக்கும்?"

"எழுதுன உங்களுக்கே கேக்காது."

இங்கேதான் நீங்கள் கவனிக்க வேண்டும். தண்ணீருக்குள் அக்கா என்னிடம் என்ன கத்தினார் என்று கேட்க என் நாக்கு துடித்தது. ஏதோ பெரிய வார்த்தை, நாவலிலும் எழுதாமல் மனதுக்குள் வைத்திருந்த வார்த்தை என்று நிச்சயமாக நம்பினேன். ஆனால் கேட்டால் அவர் சொல்லுவார். சொன்னால் அது வசனமாகிவிடும். வசனமானால் பேசலாமா கூடாதா என்று பழைய சண்டை மறுபடி தொடங்கும். நான் வாயை இறுக்கி மூடிக்கொண்டேன். எத்தனையோ காட்சிகள் எழுதியிருக்கிறேன். அந்த ஒரு கேள்வியைக் கேட்காமல் விட்டதுதான் என் தொழிலில் நான் செய்த மிகக் கஷ்டமான வேலை. நாவலாசிரியர் எங்கே நிறுத்துகிறாரோ அங்கே நீங்களும் நிறுத்தப் பழகுங்கள். அவர் உங்களைவிடப் பெரியவர் என்பதற்காக அல்ல. அந்த இடத்துக்குப் பின்னால் அவருடைய வீடு இருக்கலாம்.

அக்கா அருவியைத் திரும்பிப் பார்த்தார். பிறகு சிரிக்க ஆரம்பித்தார், நிறுத்த முடியாமல் சிரித்தார். "குத்தாலத்துத் தண்ணி பட்டா கோட்டி பிடிச்ச பைத்தியமும் தெளியும்பாவ. உனக்கு இப்பந்தாம்ட்டி பிடிச்சிருக்கு. சரி, எடு. சம்மதம்னு சொல்லிரு."

டீக்கடைக்கு ஓடிப் போய், சொட்டச் சொட்டத் தயாரிப்பாளருக்குப் போன் போட்டேன்.

"பேசறாளா?" என்றார் எடுத்தவுடன்.

"பேசறா சார். கொட்டித் தீர்க்கறா."

"சபாஷ். டயலாக் சொல்லுங்க."

"டயலாக் கேட்காது சார்."

அந்தப் பக்கம் வந்த சத்தம் ஐந்தருவியைத் தோற்கடித்தது. கேட்காத வசனத்துக்கு நடிகையா, தியேட்டரில் சவுண்டு போச்சு என்று ஸ்கிரீனைக் கிழிப்பான், பேயே மேல் என்றெல்லாம் கத்தினார். நான் பதில் யோசித்துக்கொண்டிருக்கும்போதே ராயகிரிப் பெண் என் கையிலிருந்து போனைப் பிடுங்கிவிட்டாள்.

"ஏ மொதலாளி, இந்தப் படம் எப்பம் வருது? நாங்க ஒரு வேன் ஆளு இருக்கோம். அவ என்ன சொன்னான்னு இங்கன ஆளாளுக்கு ஒண்ணு சொல்லுதாளுவ, வேனுக்குள்ள பெரிய சண்டையே நடக்கப் போவுது. நான் சொல்லுதேன், 'என்ன மன்னிச்சிரு'ன்னுதான் சொல்லிருப்பா."

"சும்மா கெட, அப்படிச் சொல்லுற ஆளா அவ?" என்று பின்னாலிருந்து இன்னொரு குரல். காவலரும் தன் கருத்தைச் சொன்னார். போன் கை கையாய் மாறியது. எல்லாருடைய வசனத்தையும் தயாரிப்பாளர் கேட்டார். கடைசியில் என் கைக்குத் திரும்பியபோது அவர் குரல் தணிந்திருந்தது.

"அங்க எத்தனை பேர் இருக்காங்க?"

"தெரியல சார். வரிசை வளைவு தாண்டிப் போகுது."

"சரி" என்றார். "பேயை அப்புறம் பார்த்துக்கறேன்."

அடுத்த சீசனில் அங்கேயே படம் பிடித்தோம். அந்தக் கூத்தைச் சொல்ல ஆரம்பித்தால் குரங்குகள் பற்றியே தனியாக எழுத வேண்டும். படம் பிரமாதமாக ஓடியது என்று பொய் சொல்ல மாட்டேன், மானத்தோடு ஓடியது. ஆனால் தென்காசியில் முதல் நாள் காட்சி பார்த்ததை மட்டும் சொல்லி முடிக்கிறேன்.

தியேட்டர் நிறைந்திருந்தது. அக்கா வாசலில் என் கையைப் பிடித்துக் கூட்டிப்போய்த் தன் இடப்பக்கம் உட்காரவைத்தார். அவருக்கு வலப்பக்கம் ஒரு பெண்மணி, மடியில் மிக்சர் பொட்டலத்தோடு, திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். எங்கேயோ பார்த்த முகமாக இருந்தது, பிடிபடவில்லை. படம் முழுக்க அவர்கள் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் திரும்பிப் பார்க்கவில்லை. மிக்சர் பொட்டலம் மட்டும் இருவருக்கும் நடுவில் போய் வந்துகொண்டிருந்தது.

கடைசிக் காட்சி வந்தது. தியேட்டருக்குள் அருவி விழுந்தது. மதினி வாயைத் திறந்தாள். நாத்தனார் வாயைத் திறந்தாள். இரைச்சல். முன் வரிசையில் ஒருத்தி, "என்ன சொல்லுதா?" என்றாள். பின்னாலிருந்து ஒருவர், "எல்லாம் உன் காதுல விழணுமாக்கும், சும்மா இரு" என்றார். தயாரிப்பாளர் பயந்தபடி யாரும் ஸ்கிரீனைக் கிழிக்கவில்லை. ஆளாளுக்கு ஒரு வசனம் முணுமுணுத்துக்கொண்டிருந்தார்கள்.

அப்போதுதான் மிக்சர் பெண்மணி முழங்கையால் அக்காவை இடித்தார்.

"என்னதான் சொன்னா மதினி?"

மதினி. மேலகரத்து மாடியில், துணியோடு விருட்டென்று உள்ளே போன முகம் சட்டென்று ஞாபகம் வந்தது. நாவலில் இருந்த மதில் அக்கா வீட்டு மதில்.

அக்கா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "என்னத்தச் சொல்லுவா? 'தள்ளி நில்லுட்டி, தண்ணி பூரா உன் மேலயே விழுது'ன்னா."

எனக்குச் சிரிப்பு பீறிட்டது. அன்றைக்கு ஐந்தருவிக்குக் கீழே முழு மூச்சில் அக்கா என்னிடம் கத்தியது அதுதான் என்று அந்தக் கணத்தில் தெரிந்துவிட்டது. நான்தான் அத்தனை நாளும் அதை ஒரு காவியமாக நினைத்துச் சுமந்திருக்கிறேன்.

நாத்தனாரும் சிரித்தார். தோள் குலுங்க, மிக்சர் சிதறச் சிரித்தார். தள்ளி மட்டும் உட்காரவில்லை.